நின்றுபோன கடிதங்கள்

மதிப்பிற்குரிய ஐயா,

சென்ற மாதம் இரயிலில் எதிரே அமர்ந்திருந்த முதியவரோடு பேசிக்கொண்டிருந்தபோது, அவர் மறைந்த என் தந்தையிடம் கணக்குப் படித்தவர் என்று தெரியவந்தது. மெய்சிலிர்த்துவிட்டது. இது விதியா, தற்செயலா? பெயரைச் சொன்னார், முகவரி கேட்க எனக்குத் தோன்றவில்லை.

அன்புள்ள நண்பருக்கு,

மறைந்த தந்தையின் பெயரை முன்பின் அறியாத ஒருவர் வாயால் கேட்பது எத்தகைய ஆறுதல் என்பதை அறிவேன். ஆனால் உங்கள் கேள்வியில் எனக்கு ஆர்வமில்லை. 23 பேர் கூடினாலே அவர்களில் இருவருக்குப் பிறந்தநாள் ஒன்றாக இருக்கப் பாதிக்குமேல் வாய்ப்புண்டு. ஓர் ஆசிரியரின் மாணவர்களோ எங்கெங்கும் இருப்பார்கள்.

சில நாட்களாக என் மனத்தில் ஓடுவது வேறு. பாஸ்டனில் பணிபுரிந்த ஒரு பங்குத் தரகருக்கு, அறிந்தவர் வழியாக மட்டுமே ஓர் உறையைக் கைமாற்றிக் கொண்டுசேர்க்கும்படி, 1960களில் அமெரிக்க உளவியலாளர் ஸ்டான்லி மில்கிராம் முன்பின் அறியாத பலரிடம் கேட்டுக்கொண்டார். சேர்ந்த உறைகளில், தொடங்கிவைத்தவருக்கும் தரகருக்கும் இடையில் சராசரியாக ஐந்து பேரே இருந்தார்கள் என்பதைத்தான் எல்லோரும் வியந்து சொல்கிறார்கள். தொடங்கிவைக்க ஒப்புக்கொண்ட 296 பேரில் 217 பேரே உறையை அனுப்பினார்கள் என்பதையும், கடைசியில் சேர்ந்தவை 64 மட்டுமே என்பதையும் எவரும் சொல்வதில்லை. மற்ற ஒவ்வொன்றும் யாரோ ஒருவர் கையில், அடுத்தவருக்கு அனுப்பப்படாமல் நின்றுபோனது.

என் தந்தை இறந்தபின் அவருடைய முகவரிக் குறிப்பேட்டில் வீட்டில் எவரும் கேள்விப்படாத ஒரு பெயரைக் கண்டேன். முதல் முகவரி அடிக்கப்பட்டு அதன்கீழ் இன்னொன்று, அதுவும் அடிக்கப்பட்டு ஓரத்தில் பச்சை மையில் மூன்றாவது. அந்த முகவரிக்குச் செய்தியை எழுதினேன். நடுங்கும் கையெழுத்தில் பதில் வந்தது: மருத்துவமனைத் தாழ்வாரத்தில் ஓரிரவு இருவரும் அருகருகே காத்திருந்தார்களாம், அன்றிரவு அவருடைய மகன் இறந்துபோக, விடியும்வரை அப்பா உடனிருந்தாராம், அதன்பின் ஆண்டுதோறும் அதே நாளில் ஒரு கடிதம் எழுதிவந்தாராம். எங்களிடம் அவர் இதைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை. அவ்விருவரையும் அருகருகே அமர்த்தியது எதுவாகவும் இருக்கட்டும், அந்தக் கடிதங்களை எழுதியவர் அப்பா.

உங்கள்மீது எனக்குக் கோபம் இதனால்தான். உங்கள் தந்தையின் வகுப்பில் அமர்ந்திருந்த ஒருவர், நீங்கள் ஒருபோதும் கண்டிராத அவருடைய இளமையைக் கண்டவர், எதிரிலேயே இருந்திருக்கிறார். நீங்களோ சிலிர்த்துவிட்டு அவரை இறங்கிப்போக விட்டிருக்கிறீர்கள். பெயர் தெரியும் அல்லவா? தந்தை பணிபுரிந்த பள்ளியில் விசாரியுங்கள், அவருடைய பிற மாணவர்களைக் கேளுங்கள். முதியவர் என்கிறீர்கள், தள்ளிப்போடாதீர்கள். கண்டுபிடித்தபின், உங்கள் தந்தை கரும்பலகை முன் எப்படி நின்றார் என்று அவர் சொல்வதை எனக்கு எழுதுங்கள்.