கஸ்டர்ட், ஜெலட்டின் இல்லாமல் சில்லென்று ஒரு பழ இனிப்பு எளிதாகச் செய்வது எப்படி?

கேள்விக்குக் கீழே நீங்கள் சேர்த்திருந்த வரிதான் என்னை எழுத வைத்தது. "வீட்டுக்காரர் பக்கத்து ஆட்கள் வருகிறார்கள், நான் செய்யும் ஃப்ரூட் சாலட் எப்போதும் தண்ணீர் விட்டுவிடுகிறது, எலுமிச்சையும் ஏலக்காயும் மட்டும் வீட்டில் இருக்கிறது" என்று எழுதியிருக்கிறீர்கள். கல்யாணமாகி அதிக நாள் ஆகியிருக்காது என்று நினைக்கிறேன். அம்மிணி என்றே கூப்பிடுகிறேன், தம்பியாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் பதில். பானகத்தைக் கெட்டியாகக் காய்ச்சி, ஆறவைத்து, குளிர்ந்த பழத்தின் மேல் ஊற்றுங்கள். அவ்வளவுதான். நாட்டுச்சர்க்கரை, எலுமிச்சை, சுக்கு, ஏலக்காய் எல்லாமே உங்கள் அஞ்சறைப் பெட்டியைச் சுற்றியே கிடக்கும். பழம் தண்ணீர் விடுவதைத் தடுக்கப் பார்க்காதீர்கள். இனிப்பு பட்டால் பழம் சாறு விடத்தான் செய்யும், ஊறுகாய்க்கு உப்புப் போட்டதும் மாங்காய் தண்ணீர் விடுகிறதே, அந்த மாதிரி. அந்தத் தண்ணீரையும் கணக்கில் சேர்த்துப் பாகைக் கொஞ்சம் கெட்டியாகவே வைத்துக்கொண்டால், பரிமாறும் நேரத்துக்குச் சரியான பதத்தில் வந்து நிற்கும்.

இதை எங்கே பிடித்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். கோபி பக்கம் எங்கள் ஊரில் பங்குனிக் கடைசியில் மாரியம்மன் நோம்பி, அதாவது திருவிழா. ஈரோட்டு மாவட்டத்து வெயில் அந்தச் சமயத்தில் எப்படி இருக்கும் என்று தெரிந்தவர்களுக்குத் தெரியும். கோயிலில் ஊற்றுவதற்குப் பானகம் எங்கள் வீட்டு முறை. அத்தை முந்தின நாள் ராத்திரியே சர்க்கரையைக் கரைத்து, வடிகட்டி, காய்ச்சி, பெரிய போசியில் பாகாக வைத்துவிடுவார். காலையில் கோயிலுக்குப் போய்த் தண்ணீரும் எலுமிச்சையும் சேர்த்துக்கொள்வார்கள். அப்படி எடுத்து வைத்த பாகில் ஒரு சொம்பு அளவு வீட்டில் மீந்துவிட்டது. இன்னொரு பக்கம், தோட்டத்தில் வியாபாரி ஒதுக்கிவிட்டுப் போன பப்பாளி ஒரு கூடை.

இந்த ஒதுக்கல் கதையைச் சொல்லாமல் போனால் எனக்குத் தூக்கம் வராது. எங்களுடையது ரெட் லேடி ரகம். காயில் காம்புப் பால் வழிந்து ஒரு கோடு விழுந்திருந்தால் போதும், "இது ரெண்டாம் தரமுங்க" என்று ஓரமாக வைத்துவிடுவார்கள். எடுத்த பழத்திலும் எடை போடும்போது கழிவு என்று ஒரு கணக்கு. வண்டியில் நசுங்கும், வெம்பும், அதனால் இப்போதே கழித்துவிடுகிறோம் என்பார்கள். நசுங்காமல் போய்ச் சேர்ந்தால் கழித்ததைத் திருப்பித் தருவார்களா என்று ஒருமுறை கேட்டேன். சிரித்தார்கள். அதே கோடு விழுந்த பழத்தைப் பட்டணத்துக் கடையில் துண்டு போட்டு டப்பாவில் அடைத்து விற்கும்போது கோடும் தெரிவதில்லை, விலையும் குறைவதில்லை. சரி, கேட்டது இனிப்பு, நான் எங்கோ போய்விட்டேன்.

நோம்பிக்கு அடுத்த நாள் கெடா விருந்து. வீடு நிறைய ஒறம்பரை, அதாவது விருந்துக்கு வந்த சொந்தக்காரர்கள். ஒவ்வொரு வருடமும் சாப்பாட்டுக்குப் பிறகு பெட்டி ஐஸ்கிரீம் வாங்கி வைப்போம், குழந்தைகளைத் தவிர யாரும் முழுதாகத் தின்றதில்லை. என்னைக் கேட்டால், கறிச்சோறு தின்ற வாய்க்குப் பால் இனிப்பு இறங்காது. அந்த நேரத்துக்குக் கொஞ்சம் புளிப்பும் சுக்குக் காரமும்தான் கேட்கும். அந்த எண்ணத்தில்தான் பப்பாளியை வெட்டிக் குளிர வைத்து, மீந்த பாகில் எலுமிச்சை பிழிந்து மேலே ஊற்றினேன். அத்தை ஒரு வாய் போட்டுவிட்டு ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் கிண்ணத்தை நீட்டினார். எங்கள் வீட்டில் அதற்கு மேல் ஒரு பாராட்டு கிடையாது.

கோயம்புத்தூரில் இருக்கும் நங்கையா, அதாவது வீட்டுக்காரரின் அக்கா, தின்று முடித்துவிட்டு, "இது பானகந்தானே கண்ணு, இதுல என்ன இருக்குது?" என்றார். "ஆமாங்க நங்கையா, பானகந்தானுங்க" என்றேன். வாக்குவாதம் செய்ய நேரமில்லை, அடுத்த பந்தி காத்திருந்தது. கொஞ்ச நாள் கழித்துப் பார்த்தால், அவர்கள் அடுக்ககத்து வாட்ஸ்அப் குழுவில் இந்தப் பலகாரம் படத்தோடு வந்திருக்கிறது, "எங்கள் பாரம்பரியக் குடும்ப செய்முறை" என்று. குடும்பம் என்றால் நானும் அதில் சேர்த்திதானே என்று வீட்டுக்காரர் சமாதானம் சொன்னார். இதற்கு மேல் எழுதினால் இந்தப் பதிலைப் படிக்கக்கூடிய சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள்.

ஆனால் அந்தம்மாளே பிறகு ஃபோன் செய்தார். "அம்மிணி, எனக்கு மட்டும் கசக்குதே, ஏனுங்கறே?" விசாரித்தால், எலுமிச்சைக்குப் பதிலாகக் காலையிலேயே சாத்துக்குடியைப் பிழிந்து பாகில் கலந்து ஃப்ரிட்ஜில் வைத்திருக்கிறார். அதில்தான் விஷயம் இருக்கிறது. சாத்துக்குடிச் சாறு பிழிந்த உடனே இனிக்கும், நேரம் ஆக ஆகக் கசக்கும். பழத்துக்குள் கசப்பில்லாமல் இருக்கும் ஒரு பொருள், பிழிந்த பிறகு சாற்றின் புளிப்பில் மெல்ல மாறி லிமோனின் என்ற கசப்பாகிறது. விதையும் வெள்ளைத் தோலும் நசுங்கினால் இன்னும் மோசம். ஜூஸ் கடையில் கண்ணெதிரே பிழிந்து கொடுப்பது நல்லது என்பதற்கு இதுவும் ஒரு காரணம். எனவே சாத்துக்குடி வேண்டுமென்றால் பரிமாறும்போது பிழியுங்கள். முன்கூட்டியே செய்து வைக்க எலுமிச்சைதான் பத்திரம்.

இப்போது அளவு. ஆறு பேருக்கு நடுத்தரமான ஒரு பப்பாளி, ஒரு கிலோ வரை. தோலும் விதையும் போக முக்கால் கிலோ பக்கம் நிற்கும். இரண்டு கமலா ஆரஞ்சு கிடைத்தால் சேர்க்கலாம், ஏற்காட்டுப் பழம் வரும் பருவமாக இருந்தால் விடாதீர்கள். சுளையின் மேல் தோலை உரித்துவிட வேண்டும், சோம்பேறித்தனப்பட்டால் வாயில் சக்கை நிற்கும். நாட்டுச்சர்க்கரை 100 கிராம், தண்ணீர் 100 மில்லி. இரண்டையும் கரைத்து, தூசி போக வடிகட்டி, ஏலக்காய்த் தோலைப் போட்டு நான்கைந்து நிமிடம் கொதிக்க விடுங்கள். கம்பிப் பதமெல்லாம் வேண்டாம், விரலில் தொட்டால் பிசுபிசுத்தால் போதும். இறக்கியதும் கால் டீஸ்பூன் சுக்குத்தூள், நான்கு ஏலக்காயின் விதையை நசுக்கியது, ஒரு சிட்டிகை உப்பு. உப்பை விடாதீர்கள், அது இனிப்பைத் தூக்கிக் கொடுக்கும்.

எலுமிச்சை மட்டும் பாகு முழுதாக ஆறிய பிறகு. சூட்டில் பிழிந்தால் வாசனை ஆவியோடு போய்விடும், வெறும் புளிப்புதான் மிஞ்சும். சாறு நிறைய உள்ள பழமாக ஒன்றரை. ஒரு பழத்தின் மஞ்சள் தோலை மட்டும் லேசாகத் துருவிப் போட்டால் ஊரே மணக்கும். வெள்ளைத் தோல் வரை துருவினால் கசப்பு வரும். ருசி பார்க்கும்போது "கொஞ்சம் தூக்கலாக இருக்கிறதே" என்று தோன்ற வேண்டும், இனிப்பும் சரி, புளிப்பும் சரி. குளிர்ந்தால் நாக்குக்கு இனிப்பு மட்டுப்படும், பழச்சாறும் இறங்கிக் கலக்கும்.

பாகை முந்தின நாளே செய்து ஃப்ரிட்ஜில் வைத்துவிடலாம். பழத்தைத் தனியாகக் குளிர வையுங்கள். இரண்டையும் சேர்ப்பது பரிமாறுவதற்கு அரை மணி நேரம் முன்னால் மட்டும். காலையிலேயே கலந்து வைத்துவிட்டு மத்தியானம் பப்பாளி குழைந்துவிட்டது என்று என்னிடம் வராதீர்கள். கை வைத்து அழுத்தினால் அமுங்கும் பழம் ஆகாது, மஞ்சள் பரவி இன்னும் இறுக்கமாக இருப்பதை எடுங்கள்.

சுக்கு வாங்கும்போது மேல் தோலைச் சீவிவிட்டுத்தான் இடிக்க வேண்டும். சுக்குக்குப் புற நஞ்சு என்று சும்மா சொல்லவில்லை. கடைத்தூள் பல நேரம் மண் வாடை அடிக்கும். நாட்டுச்சர்க்கரையில் பளிச்சென்று மஞ்சளாக இருப்பதைக் கண்டு மயங்காதீர்கள். ஹைட்ரோஸ் என்ற ரசாயனத்தைப் போட்டு வெளுக்க வைப்பதும் நடக்கிறது, வெள்ளைச் சர்க்கரையைக் கலப்பதும் நடக்கிறது. எங்களுக்குக் கவுந்தப்பாடி பக்கம் என்பதால் பிரச்சனை இல்லை, பழனி பஞ்சாமிர்தத்துக்கே அங்கிருந்துதான் சர்க்கரை போகிறது. நீங்கள் எந்த ஊர் என்று தெரியவில்லை, கொஞ்சம் கறுத்த நிறமாக இருந்தாலும் பரவாயில்லை என்று வாங்குங்கள்.

இனி கீழே கருத்துப் பெட்டியில் வரப்போகிறவர்களுக்கு. நாட்டுச்சர்க்கரை என்பதால் சர்க்கரை நோயாளிகள் சாப்பிடலாம் என்று நான் சொல்லவில்லை, அதுவும் சர்க்கரைதான், ரத்தத்தில் ஏறும். பப்பாளி சூடு, பிள்ளைத்தாச்சிகளுக்குக் கொடுக்கக் கூடாது என்று சொல்கிறவர்களோடு நான் சண்டைக்கு வரவில்லை. அப்படி யாராவது வருகிறார்கள் என்றால் முலாம்பழத்தில் செய்யுங்கள், இன்னும் வாசனையாக இருக்கும், ஆனால் தண்ணீர் அதிகம், பாகை இரண்டு நிமிடம் கூடுதலாகக் கொதிக்க விட வேண்டும். "பழத்தோடு பட்டை, சுக்கு எல்லாம் யாராவது போடுவார்களா" என்று கேட்பவர்களுக்கு: மொராக்கோவில் ஆரஞ்சை வட்டமாக நறுக்கி, பட்டைத்தூள் தூவி, ஆரஞ்சுப்பூ நீர் தெளித்துக் குளிர வைத்துச் சாப்பிடுகிறார்கள். சாப்பாட்டுக்குப் பிறகு அவர்களுக்கு அதுதான் இனிப்பு. நான் புதிதாக எதையும் கண்டுபிடித்துவிடவில்லை. ஆனால் பட்டை போடுவதானால் சுக்கை நிறுத்திவிடுங்கள், இரண்டும் சேர்ந்தால் கஷாயம்.

பால், கிரீம் கொஞ்சம் ஊற்றலாமா என்று அடுத்து கேட்பீர்கள். வேண்டாம். எலுமிச்சையில் திரிந்துவிடும், பப்பாளியோடு பால் கொஞ்ச நேரம் கிடந்தாலே கசக்கும். அன்னாசிப் பழமும் பாலோடு சேர்ந்து அப்படித்தான் செய்யும்.

வாழைப்பழம் போட வேண்டுமென்றால் வெட்டியதும் எலுமிச்சைச் சாற்றில் புரட்டிவிடுங்கள், கறுக்காது. ஆப்பிளுக்கும் கொய்யாவுக்கும் அதே வழி. கொய்யா என்றால் ஆயக்குடிப் பழம், செங்காயாக, மெல்லிய வில்லையாக. பரிமாறி முடித்துப் போசியின் அடியில் பாகு நின்றால் கொட்டிவிடாதீர்கள், ஒன்றுக்கு நான்கு பங்கு குளிர்ந்த தண்ணீர் ஊற்றினால் பாத்திரம் கழுவுகிறவர்களுக்கு ஆளுக்கொரு டம்ளர் பானகம். வெட்டிய பழம் மீந்தால் அன்றைக்கே தின்றுவிட வேண்டும், மறுநாளுக்கு வைக்காதீர்கள்.