கேரள எல்லையில் சிறுதொழில் தொடங்கினால் அரசும் பஞ்சாயத்தும் உண்மையில் உதவுமா?

தம்பி, பொள்ளாச்சியில் இருந்து கேட்டிருக்கிறீர்கள். கோபாலபுரம் தாண்டி கேரளப் பக்கம் தாத்தா வழியில் வந்த நிலம் இருக்கிறது, அங்கே ஷெட் போடலாமா, எந்த மாநிலத்தில் மானியம் அதிகம், பஞ்சாயத்து உதவுமா இழுத்தடிக்குமா என்பது உங்கள் கேள்வி. கையில் பெரிய முதல் இருக்காது, வீட்டில் பாதிப் பேர் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டிருப்பார்கள் என்று நானாக எடுத்துக்கொள்கிறேன். நான் கேரளத்தில், பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் பாக்கு மட்டைத் தட்டு செய்யும் சின்ன யூனிட் நடத்துகிறேன். இந்தக் கேள்வியைப் பார்த்துவிட்டுச் சும்மா போக முடியவில்லை.

முதலில் மானியம். எந்தப் பக்கம் அதிகம் என்று தேடுவதில் நாளைக் கழிக்காதீர்கள். பெரும்பாலோர் வாங்கும் பி.எம்.இ.ஜி.பி. (பிரதமரின் வேலைவாய்ப்பு உருவாக்கும் திட்டம்) மத்திய அரசுத் திட்டம், இரண்டு பக்கமும் ஒன்றுதான். கிராமப்புறத்தில் பொதுப் பிரிவுக்கு 25 சதவீதம், பெண்கள் உள்ளிட்ட சிறப்புப் பிரிவுக்கு 35 சதவீதம். உற்பத்தித் தொழிலுக்குத் திட்ட மதிப்பு 25 லட்சம் வரை என்று இருந்ததை 2022-ல் 50 லட்சமாக உயர்த்தினார்கள். மானியம் நேராக உங்கள் கைக்கு வராது. மூன்று வருடம் வங்கியில் வைப்பாக நின்று, அப்புறம்தான் கடனில் கழியும். தமிழ்நாட்டுப் பக்கம் நீட்ஸ் திட்டமும் உண்டு, முதல் தலைமுறைத் தொழில்முனைவோருக்கு 25 சதவீத மூலதன மானியம். ஆனால் யூனிட் தமிழ்நாட்டுக்குள் இருக்க வேண்டும். தாத்தா நிலம் என்றால் அது உங்களுக்கு ஆகாது.

நான் சொல்ல வந்தது வேறு. என் தொழிலை நிற்க வைத்தது மானியம் இல்லை. ஒரு தடை உத்தரவும், அதை மதித்து நடத்திய ஒரு பஞ்சாயத்தும்தான்.

தமிழ்நாடு 2019 ஜனவரி 1 முதல் ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக்கைத் தடை செய்தது. கேரளம் 2020 ஜனவரி 1 முதல். அப்புறம் 2022 ஜூலையில் நாடு முழுக்க வந்தது. நான் யூனிட் தொடங்கியதும் 2022-ல்தான். அந்த வருடம் கேரள அரசு ஒரு வருடத்தில் ஒரு லட்சம் புதுத் தொழில்கள் என்று அறிவித்து, உள்ளாட்சி அலுவலகங்களில் தொழில் துறை சார்பில் படித்த இளைஞர்களை உட்கார வைத்தது. எங்கள் பஞ்சாயத்தில் இருந்தது ஒரு பெண், பி.டெக். படித்தவள். சிறுதொழிலுக்கான உத்யம் பதிவு, திட்ட அறிக்கை, கேரள அரசின் தொழில் அனுமதி இணையதளமான கே-ஸ்விஃப்ட்டில் ஒப்புகைச் சீட்டு எல்லாம் அவள் கம்ப்யூட்டரிலேயே முடிந்தது. அந்தச் சீட்டு இருந்தால் அதிக மாசு தரும் சிவப்புப் பிரிவில் வராத சிறு தொழிலை மற்ற அனுமதிகளுக்குக் காத்திருக்காமல் மூன்று வருடம் நடத்தலாம். 2019-ல் போட்ட சட்டம் அது. ஒரு லட்சம் என்ற கணக்கில் பழைய கடைகளையும் சேர்த்துவிட்டார்கள் என்று சொல்பவர்கள் உண்டு. அவர்களோடு நான் சண்டைக்கு வரவில்லை. என் யூனிட் புதிது, அந்தப் பெண் இல்லாவிட்டால் வந்திருக்காது. இதைச் சொன்னால் உடனே கட்சி முத்திரை குத்த வேண்டாம், எங்கள் வீட்டில் இரண்டு கட்சிக்கும் ஓட்டுப் போடுபவர்கள் இருக்கிறார்கள்.

சிக்கல் வந்தது வேறு இடத்தில். பாக்கு மட்டை வெயில் காலத்தில்தான் விழும். அப்போதே வாங்கிக் காயவைத்து அடுக்கிவிட வேண்டும். மழை பிடித்தால் மட்டையில் பூஞ்சை ஏறும், தட்டில் கறுப்புப் புள்ளி தெரியும், கேட்டரிங்காரர் கையால் தொட மாட்டார். ஆக வருடம் முழுக்க ஓட்ட வேண்டிய சரக்குக்கான பணம் ஜனவரியில் இருந்து மே மாதத்துக்குள் வேண்டும். வங்கி மெஷினுக்குக் கடன் கொடுத்தது. மட்டை வாங்க நடைமுறை மூலதனம் கேட்டால், ஒரு வருடக் கணக்கு காட்டிவிட்டு வாருங்கள் என்றார்கள். மட்டை இல்லாமல் எந்தக் கணக்கைக் காட்டுவது? என் வளையல்கள் அடகுக்குப் போயின. மன்னார்க்காடு பக்கம் இருந்து லோடு வந்து இறங்கியது. மெஷினுக்கு மானியம் கொடுக்கும் எந்த அரசும், இந்த மாதிரித் தொழிலுக்குப் பணம் எந்த மாதம் தேவை என்று கேட்பதே இல்லை. இது எனக்கு இன்றும் ஆறாத கோபம்.

மீட்டது பஞ்சாயத்து. கல்யாண மண்டபக்காரர்கள், திருவிழாக் கமிட்டிகள் எல்லோரையும் கூப்பிட்டு, பிளாஸ்டிக் பூசிய பேப்பர் தட்டு வந்தால் அபராதம் என்று சொன்னார்கள். முதல் தடவை பிடிபட்டால் 10,000 ரூபாய். சொன்னதோடு விடவில்லை, வந்து பார்த்தார்கள். வீடு வீடாகக் குப்பை எடுக்கும் ஹரித கர்ம சேனாப் பெண்களுக்குத்தான் எந்த வீட்டு விசேஷத்தில் என்ன தட்டு போட்டார்கள் என்பது தெரியும். அந்த சீசனில் எங்களிடம் வேலை செய்த பெண்கள் யாரையும் நிறுத்தாமல் ஓட்டினேன். பக்கத்துப் பஞ்சாயத்தில் கண்டிப்பு தளர்ந்த மாதம் அங்கிருந்து வரும் ஆர்டரும் குறையும், என் நோட்டுப் புத்தகத்தில் அப்படியே தெரியும். கோவைக்குப் போகும் சரக்கிலும் இதே கதைதான். உத்தரவு ஒன்றேதான், நடத்துகிற கை மாறினால் என் வியாபாரம் மாறுகிறது.

பெரிய தொழிலுக்கு வேறு வழி உண்டு என்று யாராவது சொல்வீர்கள். உண்டு. கேரளம் 1992 முதல் 1996 வரை தொடங்கிய புது ஆலைகளுக்கு ஐந்து வருடம் பழைய கட்டணத்திலேயே மின்சாரம் கொடுத்தது. பாலக்காட்டை ஒட்டிய கஞ்சிக்கோட்டில் இரும்பு உருக்கும் ஆலைகள் பெருகியதில் அந்தச் சலுகைக்குப் பங்கு உண்டு. இப்போது கொச்சி–பெங்களூரு தொழில் வழித்தடத்தில் பாலக்காடு தொழில் நகரத்துக்கு 2024 ஆகஸ்டில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் கொடுத்திருக்கிறது. வரட்டும், எங்கள் பிள்ளைகளுக்கு வேலை கிடைக்கட்டும். ஆனால் எங்கள் சித்தூர் தாலுகாவிலேயே பிளாச்சிமடை இருக்கிறது. 2000-ல் மாநிலம் வரவேற்ற கோக்கோ கோலா ஆலைக்கு 2003-ல் லைசன்ஸைப் புதுப்பிக்க மறுத்தது பெருமாட்டிப் பஞ்சாயத்து. கிணற்றுத் தண்ணீர் கெட்டுப்போனது என்று ஊர்ப் பெண்கள் குடத்தோடு உட்கார்ந்த போராட்டம் அது. 2004 மார்ச்சில் ஆலை நின்றது, திரும்ப ஓடவே இல்லை. தொழிலுக்கு எதிரானவர்கள் நாங்கள் என்று அதைக் காட்டிப் பேசுபவர்கள் மேல் எனக்கு வருத்தம் உண்டு. தண்ணீர் போனால் தென்னையும் போகும், நெல்லும் போகும், அதுவும் எங்கள் தொழில்தான். உங்கள் தொழிலுக்கு போர்வெல் தண்ணீர் அதிகம் வேண்டும் என்றால் இந்த ஊரில் முதல் கேள்வியே அதுவாக இருக்கும். கேட்பவர்கள் மேல் கோபப்படாதீர்கள்.

இன்னொன்று, கேள்விக்குச் சம்பந்தம் இல்லை, ஆனால் சொல்லாமல் இருக்க முடியவில்லை. சித்தூர் தாலுகாவில் எத்தனை வீடுகளில் தமிழ் பேசுகிறோம்! கேரள ஆட்சிமொழிச் சட்டப்படி தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் அரசு அலுவலகத்துக்குத் தங்கள் மொழியிலேயே எழுதலாம். நான் தமிழில் எழுதிய மனுவை ஓர் அலுவலகத்தில் படிக்காமலே நீட்டி, மலையாளத்தில் எழுதி வரச் சொன்னார்கள். எனக்கு மலையாளம் நன்றாகவே தெரியும், எழுதிக் கொடுத்தேன். என் மாமியாருக்குத் தெரியாது. அவர் யாரிடம் போவார்? எந்த ஆட்சி வந்தாலும் இது மாறவில்லை. தமிழ்நாட்டில் இருந்து வருகிற தலைவர்களும் இரண்டு மாநிலமும் பங்கு போடும் ஆளியாறு தண்ணீரைப் பேசுவார்கள், இதைப் பேச மாட்டார்கள்.

சரி, உங்கள் விஷயம். மெஷினுக்கு முன்பணம் கொடுக்கும் முன் கிருஷிபவனுக்கு (ஊர் வேளாண் அலுவலகம்) போய், உங்கள் நிலம் நெல்வயல் டேட்டா பேங்கில், அதாவது பாதுகாக்கப்பட்ட வயல்களின் பட்டியலில், இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் 2008-ஆம் ஆண்டு நெல்வயல் பாதுகாப்புச் சட்டப்படி அங்கே ஷெட் போட முடியாது. தவறாகச் சேர்த்திருந்தால் ஆர்.டி.ஓ.விடம் படிவம் 5 கொடுத்து நீக்கக் கேட்கலாம், அதற்குக் காலம் பிடிக்கும். அதில் இல்லை, வருவாய்ப் பதிவிலும் வயல் என்று இல்லை என்றால் பஞ்சாயத்தில் கட்டிட அனுமதி, ஷெட் முடிந்ததும் கட்டிட நம்பர். நம்பர் இருந்தால் மின் இணைப்பு வாங்குவதில் அலைச்சல் குறையும். என்ன தொழில் என்று நீங்கள் எழுதவில்லை. எழுதினால் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.