ஸ்காட்லாந்தின் நியூ லானார்க் மில் கிராமத்தில் அப்படி என்ன விசேஷம்? அங்கே பழைய கட்டடங்கள் எவை மிச்சம்?

கிளைட் ஆற்றின் அருவிகளுக்குக் கீழே ஒரு பள்ளத்தாக்கில் இருக்கிறது. தண்ணீரின் வேகத்தைப் பார்த்துத்தான் டேவிட் டேல் 1780களின் நடுவில் இங்கே பருத்தி நூற்பாலை தொடங்கினார். முதல் மில் 1788-ல் எரிந்துபோக, அடுத்த வருஷமே திரும்பக் கட்டினார்கள். இப்போது அது ஹோட்டல்.

ஆனால் ஊருக்குப் பேர் வாங்கித் தந்தவர் டேலின் மருமகன் ராபர்ட் ஓவன்தான். 1800-ல் நிர்வாகத்துக்கு வந்தவர், பத்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளை மில்லில் சேர்ப்பதை நிறுத்தினார், 1816-ல் அவர்களுக்குப் பாட்டும் நடனமும் சேர்ந்த பள்ளிக்கூடம் திறந்தார், அப்புறம் நல்ல சரக்கை நியாய விலைக்கு விற்கும் கடையும் நடத்தினார், அதன் லாபம் பள்ளிக்கே போனது. அடி உதை கிடையாது. அதற்குப் பதில் ஒவ்வொரு தொழிலாளி பக்கத்திலும் நாலு பக்கமும் நாலு நிறம் பூசிய சின்ன மரக்கட்டை தொங்கும். முந்தைய நாள் வேலை மோசம் என்றால் கறுப்பு முன்னால் இருக்கும், பிரமாதம் என்றால் வெள்ளை. எனக்கு இது கொஞ்சம் உறுத்தத்தான் செய்கிறது, எல்லார் கண்ணிலும் படுகிற மாதிரி ஒருவரை எடைபோடுவதும் ஒரு தண்டனைதானே. அதோடு அங்கே நூற்ற பருத்தியில் பெரும்பங்கு அமெரிக்க அடிமைகள் பறித்தது, அதையும் மறக்கக்கூடாது.

1968-ல் மில் மூடப்பட்டது. ஊர் இடிந்துபோகாமல் 1970களில் ஓர் அறக்கட்டளை மீட்டது. 2001-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமானது. பள்ளிக்கூடம், கடை, ஓவனின் வீடு, மணற்கல்லில் கட்டிய தொழிலாளர் குடியிருப்புகள் எல்லாம் இருக்கின்றன, அந்த வரிசை வீடுகளில் இன்றும் ஆட்கள் குடியிருக்கிறார்கள்.