நடுவில் நிற்கும் மகள்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

கிருஷ்ணகிரி மாவட்டம் போச்சம்பள்ளி பக்கம் எங்கள் ஊர். அம்மாவின் நகையை அடகு வைத்து அப்பா போர்வெல் போட்டார். ஆயிரம் அடிக்கும் புழுதிதான் வந்தது. நகை ஏலத்தில் போனது. சண்டை இல்லை, பேச்சு மட்டும் நின்றுவிட்டது. எட்டு ஆண்டுகளாக "அப்பாவைச் சாப்பிடச் சொல்" என்பதுகூட என் வழியாகத்தான். கோபமாகச் சொன்னால் நான் மாற்றிச் சொல்லிவிடுவேன். அம்மா மகளிர் குழுவுக்குப் போனால் சிரித்துப் பேசுகிறார். வீட்டில் ஊமை. சத்தமில்லாத குடும்பம் என்று ஊரே மெச்சுகிறது. தை மாதம் எனக்குக் கல்யாணம். நான் ஓசூர் போய்விட்டால் நடுவில் யார்?

பெயர் வேண்டாம்.

அன்புள்ள மகளுக்கு,

நம்முடையது பாறை பூமி. போர் வண்டி வந்து நிற்கும் நாளில் வீடே தேங்காய் உடைத்துவிட்டுக் காத்திருக்கும். புழுதி பறக்கப் பறக்க அடிக்கணக்கில் கடன் ஏறும். "இன்னும் நூறு அடி போகலாமா?" என்று வண்டிக்காரர் கேட்கும்போது போதும் என்று சொல்ல விவசாயிக்கு வாய் வராது. உங்கள் அப்பாவின் வாயை அடைத்திருப்பது கோபமல்ல, வெட்கம் என்றே நினைக்கிறேன்.

அரசின் மகளிர் சுயஉதவிக் குழுக்கள் தமிழ்நாட்டில் முதலில் தொடங்கியது 1989இல், அன்றைய தர்மபுரி மாவட்டத்தில்தான். நம் கிருஷ்ணகிரியும் அப்போது அதற்குள் இருந்தது. சேமிப்புக்கும் கடனுக்குமாகக் கூடிய பெண்கள் அங்கே மனச்சுமையையும் இறக்கி வைத்தார்கள். உங்கள் அம்மாவுக்கும் அந்தத் திண்ணை இருக்கிறது. அப்பாவுக்கு? டீக்கடையில் மாங்காய் விலை பேசலாம். மனைவியின் நகை போனதைப் பேச முடியாது. எனக்கு அவரை நினைத்துத்தான் அதிகம் கவலை.

சொற்களை மாற்றிச் சொன்னது உங்கள் அன்பு. ஆனால் எட்டு ஆண்டுகளாக இருவரும் கேட்டது உங்கள் குரலைத்தான். அம்மாவின் கோபம் அப்பாவை எட்டவே இல்லை. அவர் அதற்குப் பதில் சொல்லவும் வழியில்லை. கல்யாணத்துக்கு முன்பே ஒருநாள் "நீயே சொல்லம்மா" என்று எழுந்து வெளியே போய்விடுங்கள். களி ஆறிப்போகும். ஆறட்டும்.

இன்னொரு நாள் அப்பாவோடு அந்த மூடிக் கிடக்கும் போர்க் குழி வரை நடந்து போங்கள். அன்றைக்கு என்ன நடந்தது என்று நீங்களே கேளுங்கள். எட்டு ஆண்டுகளில் யாரும் அவரிடம் அதைக் கேட்டிருக்க மாட்டார்கள்.

ஓசூர் போன பிறகு இருவருக்கும் தனித்தனியாகப் போன் செய்யாதீர்கள். ஒருவரை அழைத்துப் பேசிவிட்டு, மற்றவரிடம் போனைக் கொடுக்கச் சொல்லுங்கள். கையில் கொடுக்கவாவது பக்கத்தில் போகவேண்டும் அல்லவா?