இரண்டே ஃப்ரேம்

கேள்வி: டைரக்டர் எடுத்துக் கொடுத்த ஷாட்களை அவர் சொன்னபடி வெட்டி ஒட்டுவதுதானே எடிட்டர் வேலை? இதற்காக இங்கிலாந்தின் ஆன் வி. கோட்ஸுக்கு 90 வயதில் கௌரவ ஆஸ்கர் கொடுத்தது அதிகம் இல்லையா? அவர் ஏற்கெனவே ஓர் ஆஸ்கர் வாங்கியவர் வேறு!
- ஒரு வாசகர், திண்டுக்கல்

பதில்: அதிகம் இல்லை. தாமதம் என்று சொல்லுங்கள், ஒப்புக்கொள்கிறேன்.

'லாரன்ஸ் ஆஃப் அரேபியா' (1962) படத்தில் பீட்டர் ஓ'டூல் எரியும் தீக்குச்சியை முகத்தருகே பிடித்துப் பார்ப்பார். ஊதி அணைப்பார். சட்டென்று பாலைவனம், சிவந்த அடிவானத்தில் சூரியன் மெல்ல எழும். திரைக்கதையில் இது இப்படி இல்லை. ஒரு காட்சி கரைந்து அடுத்தது தெளிகிற 'டிஸால்வ்' ஆகத்தான் இருந்தது. அன்றைக்கு டிஸால்வை பிலிம் கழுவும் லேபில்தான் செய்ய முடியும். எடிட்டிங் அறையில் இரண்டு ஷாட்டையும் நேராக ஒட்டி, டிஸால்வ் வரவேண்டிய இடத்தைப் பென்சிலால் குறித்து வைப்பார்கள். அப்படி ஒட்டியதை ஓட்டிப் பார்த்தபோது, அந்த நேர் வெட்டே பிரமாதமாக இருந்தது. இப்படிச் சட்டென்று வெட்டித் தாவுகிற பிரெஞ்சுப் 'புதிய அலை' படங்களைப் பாருங்கள் என்று டைரக்டர் டேவிட் லீனிடம் முன்பே சொல்லிவைத்தவர் கோட்ஸ். லீனுக்கும் வெட்டு பிடித்துப்போயிற்று. ஆனாலும், கிட்டத்தட்ட வந்துவிட்டது, இன்னும் சரியாக்கிக் கொண்டுவா என்று திருப்பி அனுப்பினார். கோட்ஸ் வெட்டி நீக்கியது இரண்டே ஃப்ரேம். விநாடிக்கு 24 ஃப்ரேம் ஓடுகிற படத்தில், ஒரு விநாடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு!

லீனே எடிட்டராக இருந்து டைரக்டர் ஆனவர். அவருக்கு வெட்டத் தெரியாதா என்ன? அப்படிப்பட்டவரே அந்த இரண்டு ஃப்ரேமுக்கு இன்னொருவர் கண்ணை நம்பியிருந்தார். சொன்னபடி செய்கிற ஆள் போதுமென்றால் கோட்ஸ் எதற்கு?

கோட்ஸ் எடிட் செய்த 'அவுட் ஆஃப் சைட்' (1998) கிடைத்தால் பாருங்கள். ஜார்ஜ் குளூனியும் ஜெனிஃபர் லோபஸும் ஹோட்டல் பாரில் உட்கார்ந்து பேசுகிறார்கள். பேச்சு நிற்காமல் போய்க்கொண்டே இருக்க, படம் மட்டும் அவர்கள் தனியாக இருக்கும் அறைக்குத் தாவித் தாவித் திரும்பும். யோசனை டைரக்டருடையதாகவே இருக்கட்டும். எந்தச் சொல்லில் அறைக்குப் போவது, எந்தப் பார்வையில் மேசைக்குத் திரும்புவது? அந்தக் காட்சியின் உயிரே அதில்தான் இருக்கிறது.

கோட்ஸ் முதலில் மருத்துவமனை நர்ஸ். அப்புறம் தேவாலயங்களுக்குப் போகும் மதப் படங்களின் பிரின்டுகளைப் பழுதுபார்த்தார். அங்கிருந்து பைன்வுட் ஸ்டூடியோவில் உதவியாளர். 1952-இல்தான் எடிட்டராக முதல் படம். சினிமா முதலாளி ஆர்தர் ராங்க் அவருக்கு மாமா முறை என்பதும் உண்மைதான். மாமா கதவைத் திறந்துவிடலாம். 'பெக்கெட்', 'தி எலிஃபன்ட் மேன்', 'இன் தி லைன் ஆஃப் ஃபயர்' என்று முப்பத்தாறு வருடத்தில் ஐந்து முறை ஆஸ்கர் பரிந்துரை வாங்கித்தர எந்த மாமாவாலும் ஆகாது. மூவியோலா என்ற பழைய எடிட்டிங் இயந்திரத்தில் பிலிமை வெட்டிப் பழகியவர், கம்ப்யூட்டர் வந்ததும் அதையும் கற்றுக்கொண்டார். 2015-இல் வெளிவந்த 'ஃபிஃப்டி ஷேட்ஸ் ஆஃப் கிரே'யின் எடிட்டர்களில் ஒருவர் அவர். அப்போது வயது 89.

இரண்டாவது ஆஸ்கர் எதற்கு என்கிறீர்கள். முதலாவது, 'லாரன்ஸ்' என்ற ஒரு படத்துக்கு. 2016-இல் கொடுத்தது, 'லாரன்ஸு'க்கு முன்னும் பின்னுமாக அவர் எடிட்டிங் மேசையில் கழித்த அறுபதுக்கும் மேற்பட்ட வருடங்களுக்கு.