கேஸ் ஸ்டடியில் ‘அலட்சியம்’ என்று எழுதும் நர்சிங் மாணவிகள்

நோயாளியை ‘அலட்சியம்’ என்றே மாணவிகள் எழுதுகிறார்கள், என்ன செய்வது என்று நர்சிங் ஆசிரியராகக் கேட்டிருந்தீர்கள். அந்தச் சொல்லுக்கு மார்க் போடாதீர்கள். இரும்புச்சத்து மாத்திரை சாப்பிடாத கர்ப்பிணியைப் பற்றி ‘அலட்சியம்’ என்று எழுதினால், திருப்பிக் கொடுத்து மூன்று வரி கேளுங்கள்: வைத்தியத்துக்குப் போக முடிவெடுப்பது யார், போய்வர எவ்வளவு கூலி போகிறது, போன இடத்தில் எப்படி நடத்தினார்கள். 1994-இல் தாடியஸ், மெயின் என்ற ஆய்வாளர்கள் இருவரும் பேறுகால மரணங்களுக்குச் சொன்ன ‘மூன்று தாமதங்கள்’தான் இது: முடிவெடுப்பதில், போய்ச்சேருவதில், போன இடத்தில் சிகிச்சை கிடைப்பதில். இரத்தசோகைக்கும் பொருந்தும்.

வகுப்பில் பாலின சமத்துவம் நடத்தியும் மாறவில்லை என்கிறீர்கள். கேஸ் ஸ்டடி படிவம்தான் காரணமாக இருக்கும். ‘மாத வருமானம்’ என்று ஒரே கட்டம். அந்தப் பணம் யார் கையில், வீட்டில் கடைசியாகச் சாப்பிடுவது யார் என்று எழுத இடமே இருக்காது.

இரத்தசோகையால் ஹீமோகுளோபின் 8 இருந்த ஒரு கர்ப்பிணியை என் மாணவியும் அப்படித்தான் எழுதினாள். மறுபடி அனுப்பினேன். மாத்திரை அட்டை அரிசி டின்னுக்குள் பிரிக்காமல் கிடந்தது. போட்டால் குமட்டல், குமட்டினால் நாற்று நடப் போக முடியாது, அன்றைய கூலி போச்சு. மாத்திரை போட வேண்டிய 180 நாளும் இதே கணக்கு! ராத்திரி சாப்பிட்டபின் போடலாம் என்று யாரும் சொல்லியிருக்கவில்லை.

அடுத்த பரிசோதனை நாளில் மாணவிகளைக் கல்லூரி வேனில் அனுப்பாமல், அவர்கள் கேஸ் ஸ்டடி எழுதும் பெண்ணோடு டவுன் பஸ்ஸில் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போகச் சொல்லிப் பாருங்கள். கிளம்பிய நேரம், திரும்பிய நேரம் இரண்டையும் குறிக்கட்டும்.

ஆனால் இந்தக் கேள்விகளை மாமியார், கணவர் முன்னால் கேட்கக் கூடாது. அடி உதை தெரியவந்தால் மாணவி அங்கே பஞ்சாயத்து பேச வேண்டாம், உங்களிடம் சொல்லட்டும். அந்தப் பெண் சம்மதித்தால் மட்டும் பெண்கள் உதவி எண் 181-ஐ அழையுங்கள்.