பார்வையற்றவரும் காது கேளாதவரும் நேரடியாக உரையாட முடியுமா?

கேள்வி: எனக்குப் பிறவியிலேயே பார்வை இல்லை. புதிதாக என்னுடன் பணியாற்ற வந்திருப்பவர் காது கேளாதவர். சைகை மொழியில் பேசுபவர். ஒவ்வொரு முறையும் மூன்றாவது ஒருவரை அழைக்காமல் நாங்கள் பேசிக்கொள்ள வழி உண்டா?

பதில்: உண்டு. உங்கள் குரல் அவரை எட்டாது, அவருடைய சைகை உங்களை எட்டாது என்றாலும், தொடுதல் இருவருக்கும் பொதுவானது என்பதால், முதலில் சில தொடுகைக் குறிப்புகளைச் சேர்ந்து முடிவு செய்யுங்கள். பேச வந்திருப்பதற்கு முன்கையில் ஒரு தட்டு, 'ஆம்' என்பதற்கு இரண்டு, 'கிளம்புகிறேன்' என்பதற்கு ஒரு நீவல் போதும். கடைசிக் குறிப்பை ஒருபோதும் விட்டுவிடாதீர்கள். அவர் சென்றது தெரியாமல் நீங்கள் பேசிக்கொண்டிருக்கும் நிலை வரக்கூடாது.

நீண்ட உரையாடலுக்குக் கைபேசி உதவும். உங்கள் பேச்சை எழுத்தாக்கும் செயலியை அவர் படிப்பார். அவர் தட்டச்சு செய்வதைத் திரைவாசிப்பான் உங்களுக்குப் படித்துக் காட்டும். ஆனால் அது எந்த வரிவரை வந்திருக்கிறது என்பது அவருக்குத் தெரியாது. ஆகவே கேட்டு முடித்ததும் அவர் கையில் தட்டுங்கள். பெயர்களையும் எண்களையும் செயலி தவறாக எழுதக்கூடும் என்பதால், முக்கியமான வரிகளை நீங்களே ஒருமுறை படிக்கவைத்துக் கேளுங்கள். அவர் எழுதுவதில் இலக்கணம் பிறழ்ந்திருந்தால், தயவுசெய்து அதை அறிவுக்குறைவாக எண்ண வேண்டாம். காது கேளாதோர் பலருக்குச் சைகை மொழியே முதல் மொழி, அதன் இலக்கணமும் வேறு.

உள்ளங்கையில் விரலால் எழுதும் முறையைப் பலர் பரிந்துரைப்பார்கள். பிரெயில் வழியாகவே படித்தவருக்கு அச்செழுத்தின் வடிவம் பழக்கமில்லாமல் இருக்கலாம் என்பதால், அதைவிட விரல் பிரெயில் உங்களுக்குப் பொருந்தும். ஜப்பானில், பார்வையோடு செவித்திறனையும் இழந்த சதோஷி ஃபுகுஷிமாவுக்காக அவருடைய தாய் 1981-இல் உருவாக்கிய இம்முறையில், இரு கைகளின் ஆட்காட்டி, நடு, மோதிர விரல்கள் பிரெயிலின் ஆறு புள்ளிகளாகின்றன. புள்ளிக் குறியீடுகளை உங்கள் நண்பர் கண்ணால் பார்த்தே கற்று, உங்கள் விரல்களின் மேல் தட்டலாம்.

எனினும், நாள்தோறும் சேர்ந்து பணியாற்றப் போகிறீர்கள் என்றால், அவருடைய சைகை மொழியை நீங்கள் கற்பதையே நான் வலியுறுத்துவேன். உங்கள் கைகள் காட்டுவதை அவர் கண்ணால் காண்பார். அவர் பேசும்போது அவர் கைகளின் மேல் உங்கள் கைகளை இலேசாக வைத்து அசைவை உணரலாம். பார்வையும் செவித்திறனும் இல்லாதோர் பலர் இவ்வாறுதான் உரையாடுகின்றனர். கேள்வியா, கூற்றா என்பதைச் சைகை மொழியில் பெரும்பாலும் புருவமும் முகமும் உணர்த்துவதால், கேள்வி கேட்கும்போது தனியாக ஒரு குறிப்பைச் சேர்க்கும்படி அவரிடம் சொல்லுங்கள். சைகை மொழி நாட்டுக்கு நாடு வேறுபடுவதால், பொதுவான காணொளிகளைவிட அவரிடமே நேரில் கற்பது நல்லது.